எரிந்தனவும் எஞ்சினவும்

ஏட்டுச் சுவடிகளோடு பழகியவர்கள் இருவகை வெற்றிடங்களை அறிவார்கள். ஒன்று செல் அரித்த இடம். செல்லுக்கு நூலின் பொருள் தெரியாது. கடவுள் வாழ்த்தையும் தின்னும், காமத்துப் பாலையும் தின்னும். மற்றையது மனிதர் கைபட்ட இடம். வேண்டுமென்றே நீக்கிய ஏடு, சுரண்டிய வரி, அடுப்பிலிட்ட கடிதம் என்பன இவ்வகையின. முதல்வகை வெற்றிடத்தைக் கண்டால் வருந்துகிறோம். இரண்டாம் வகையைக் கண்டாலோ, யார் நீக்கினார், எதற்காக நீக்கினார் என்று வினவ வேண்டியவர்களாகிறோம். சி. வை. தாமோதரம்பிள்ளை அவர்கள் 1887 ஆம் ஆண்டில் கலித்தொகையை அச்சேற்றிய காலத்தில் முதல்வகை இழப்போடு போராடினார்கள். இரண்டாம் வகை இழப்போடு ஏறக்குறைய ஐம்பது ஆண்டு போராடிய ஒரு பெண்மணியைப் பற்றி ஈண்டு எழுதப் புகுந்தேன். அவர் கையிலே பிடித்த எழுத்தாணி கமெராவாகும்.

பார்பரா ஹமர் என்னும் அமெரிக்க விவரணப்படக் கலைஞர் 1939 ஆம் ஆண்டு மே மாதம் 15 ஆந் திகதி கலிபோர்ணியாவில், ஹொலிவூட்டிலே பிறந்தவர். 2019 ஆம் ஆண்டு மார்ச் மாதம் 16 ஆந் திகதி நியூயோர்க்கில் மறைந்தார். குறும்படமும் நெடும்படமுமாக எண்பதுக்கு மேற்பட்ட படங்களை ஆக்கினார். பெண்ணைக் காதலிக்கும் பெண்ணின் வாழ்வே அவற்றுட் பெரும்பாலானவற்றின் பொருள். அவ்வாழ்வு எவ்வாறு மறைக்கப்பட்டது, மறைத்த திரைக்குப் பின்னால் எவ்வளவு எஞ்சியிருக்கிறது என்பதே அவர் தேடல்.

இப்பொருள் இலக்கியப் பக்கத்துக்கு உரியதோ என்று ஐயுறுவார் உளராகலாம். அவர்களுக்கு யான் கூறுவது இது: ஆசிரியர்களாகிய நாம் எந்த நூலைப் பாடஞ் சொல்லப் புகுந்தாலும் முதலில் நூலாசிரியர் வரலாறு சொல்கிறோம். பிறந்த ஊர், பெற்றோர், கல்வி, இல்லறம், மறைவு என்று அது நடக்கும். அவ்வரலாற்றில் ஒரு பகுதி தெரிந்தே விடப்படுமாயின், நாம் சொல்வது வரலாறாகுமா? ஹமர் தம் வாழ்நாள் முழுவதும் கேட்டுக்கொண்டிருந்தது இந்த ஒரு வினாவைத்தான். இது இலக்கிய ஆசிரியனுக்கும் உரிய வினா.

இவ்வகைக் காதலுடைய பெண்களை மேலைநாட்டார் லெஸ்பியன் என்பர். சொல்லின் பிறப்பைப் பார்த்தால் அது ஒரு புலவரின் ஊர்ப்பெயர். கிரேக்கக் கடலில் லெஸ்பொஸ் என்றொரு தீவுண்டு. கிறித்துவுக்கு முன் ஏழாம் ஆறாம் நூற்றாண்டுகளை ஒட்டி அங்கே சாப்போ என்னும் பெண்பாற் புலவர் வாழ்ந்தார். பெண்களை விளித்து அவர் பாடிய காதற் பாட்டுக்கள் பண்டைக் கிரேக்க உலகெங்கும் புகழ் பெற்றவை. அப்பாட்டுக்களில் முழுமையாக நமக்குக் கிடைத்திருப்பது ஒன்றே. ஏனையவை எகிப்திய மணலிற் புதைந்த தாட்கிழிசல்களிலும், பிற்கால இலக்கணக்காரர் எடுத்துக் காட்டிய மேற்கோள்களிலும் வரி வரியாக, சொல் சொல்லாக எஞ்சியவை. ஆகவே, இச்சொல் பிறந்தபோதே ஒரு சிதைந்த ஏட்டையும் உடன்கொண்டு பிறந்தது எனலாம்.

ஹமரின் இளமை சினிமாவின் நிழலிலே கழிந்தது. அவருடைய பாட்டியார் உக்கிரேனிய வழிவந்தவர். பேசாப்படக் காலத்துப் புகழ்பெற்ற நடிகையான லிலியன் கிஷ் என்பாரின் வீட்டிற் சமையல் செய்தவர். தாயாருக்கோ மகள் ஷெர்லி டெம்பிளைப்போலக் குழந்தை நட்சத்திரமாக வேண்டுமென்று ஆசை. மகள் அவ்வழி செல்லவில்லை. உளவியலிற் பட்டம் பெற்று, ஆங்கில இலக்கியத்திலும் உயர் பட்டம் பெற்று, மணம் புரிந்து இல்லறம் நடத்தினார். 1970 ஐ ஒட்டிய ஆண்டுகளிற் பெண்ணுரிமை இயக்கத்தோடு தொடர்பு ஏற்பட்டது. பெண்கள் கூடி மனம் விட்டுப் பேசிய ஒரு குழுவிலே தம் உள்ளம் நாடுவது எது என்பதை அவர் உணர்ந்தார். மணவாழ்வை விட்டு நீங்கி, சிறு கமெரா ஒன்றை எடுத்துக்கொண்டு மோட்டார் சைக்கிளிற் புறப்பட்டார்.

பின்னர் சான் பிரான்சிஸ்கோவில் திரைப்படக் கலை பயின்றார். அவ்வகுப்பிலே திரையிடப்பட்ட படங்கள் யாவும் ஆடவர் ஆக்கியவையாகவே இருந்தன. ஒருநாள் மாயா டெரன் என்னும் பெண்மணி 1943 ஆம் ஆண்டில் ஆக்கிய ஒரு குறும்படம் காட்டப்பட்டது. பெண்ணொருத்தியின் கண்வழியே உலகைக் காட்டிய அப்படமே தமக்கு வழி திறந்தது என்று ஹமர் பலகாலும் நன்றியோடு நினைவுகூர்ந்தார். 2011 ஆம் ஆண்டில், டெரன் வாழ்ந்த வீட்டின் கழுவுதொட்டியை வைத்து ஒரு படமே ஆக்கினார். முன்னோர் புழங்கிய பொருளை இவ்வாறு கண்ணில் ஒற்றிக்கொள்ளும் பத்தி நமக்குப் புதிதன்று.

1974 ஆம் ஆண்டில் வெளிவந்த 'டைக்டாக்டிக்ஸ்' என்னும் படம் நான்கு நிமிஷங்களே ஓடுவது. பெண்கள் திறந்த வெளியில் நீராடுவதும் நடப்பதும் ஒருவரையொருவர் தீண்டுவதுமாக 110 காட்சித் துணுக்குகள் அதில் உள்ளன. பெண்களிடையேயான காதலை, அக்காதலையுடைய பெண்ணே படமாக்கிய முதற் படங்களுள் ஒன்றாக இதனைத் திரைக்கலை வரலாற்றார் மதிப்பர். அதற்கு முன்னும் இத்தகைய பெண்கள் திரையில் தோன்றாமலில்லை. ஆனால் அவர்கள் பேயுருவாகவோ, நோயாளராகவோ, முடிவில் உயிர் துறப்பவராகவோ தோன்றினார்கள். படமெடுத்தவரும் பிறர், பார்ப்பதற்காக எடுக்கப்பட்டவரும் பிறர்.

ஆடையில்லா உடல்கள் நிறைந்த அப்படம் பள்ளி வகுப்பிற் காட்டுதற்குரியதன்று. அதனை யான் மறைக்க வேண்டியதில்லை. ஆயினும் அதன் உள்நோக்கத்தை அறிதல் தகும். கட்புலனுக்குரிய கலையைக்கொண்டு தொடுபுலனை எழுப்ப வேண்டுமென்பதே ஹமரின் எண்ணம். தொல்காப்பியனார் மரபியலில் உயிர்களை அறிவு வகையால் வகுக்கும்போது, தொட்டறியும் அறிவை முதலாவதாகவும் கண்டறியும் அறிவை நான்காவதாகவும் வைத்தார். புல்லுக்கும் மரத்துக்கும் உரிய அந்த முதலறிவை நோக்கி நான்காம் அறிவாகிய காட்சியைத் திருப்பிய முயற்சி என்று இதனை நாம் விளங்கிக்கொள்ளலாம். தூர நின்று பார்ப்பவன் பிறரை ஒரு பொருளாகக் காண்பான்; தொடுபவனோ தானும் தொடப்படுகிறான். இந்த வேறுபாட்டிலேயே அவர் கலை முழுவதும் நிற்கிறது.

1980 களில் அவருக்கு எதிர்ப்பு வந்தது. எதிர்த்தவர்களிற் பெண்ணியத் திறனாய்வாளரும் இருந்தனர். பெண்ணை ஆற்றோடும் மலரோடும் சேர்த்துக் காட்டினால், பெண் என்றால் இயற்கை, ஆண் என்றால் அறிவு என்ற பழைய பிரிவினைக்கே அது துணைபோகும் என்றனர். ஹமர் சினந்து ஒதுங்கவில்லை. மனித உருவை விட்டு, ஒளியையும் நிலத்தையும் பிலிம் சுருளின் தன்மையையும் ஆராயும் படங்களுக்குச் சென்றார். முதியோர் இல்லத்திலிருந்த தம் பாட்டியாரைப் பார்க்கச் சென்றதை வைத்து 1985 இல் 'ஒப்டிக் நேர்வ்' என்னும் படத்தையும், வைத்தியர் ஒருவர் முன்னர் எடுத்து வைத்திருந்த ஊடுகதிர்ப் படச் சுருள்களைக் கொண்டு 1990 இல் 'சாங்டஸ்' என்னும் படத்தையும் ஆக்கினார்.

இவ்வளவு பயிற்சியும் திரண்ட இடம் 1992 ஆம் ஆண்டில் வந்த 'நைத்திரேற்று முத்தங்கள்' என்னும் விவரணப்படம். அறுபத்தேழு நிமிஷம் ஓடும் இக்கறுப்பு வெள்ளைப் படமே அவருடைய முதல் நெடும்படம். பெயரின் பொருளை மாணவர் அறிதல் நன்று. பழைய பிலிம் சுருள்கள் செலுலோசு நைத்திரேற்று என்னும் பொருளாற் செய்யப்பட்டவை. அது எளிதில் தீப்பற்றும். பற்றினால் நீருக்குள்ளும் எரியும். எரியாது விட்டாலும் நாட்பட நாட்பட நொறுங்கிப் பொடியாகும். நம் பனையோலைக்கு வாய்த்த விதியே அதற்கும் வாய்த்தது. அத்தகைய சுருளிற் பதிந்த முத்தங்கள் எத்தனை நாளைக்கு இருக்கும்? அவற்றையும் தணிக்கையாளர் வெட்டியெறிந்தால்?

தணிக்கை என்றது கற்பனையன்று. அமெரிக்கத் திரைப்படத் தொழிலார் 1930 இல் ஓர் ஒழுக்க விதித்தொகுதியை ஏற்று, 1934 முதல் கடுமையாக நடைமுறைப்படுத்தினர். 1968 வரை அது ஆட்சி செய்தது. தன்பாற் காதலைக் குறிப்பாகத் தானும் காட்டலாகாது என்பது அதன் விதிகளுள் ஒன்று. ஹமர் தம் படத்தின் ஓரிடத்திலே, இருவர் கூடியிருக்கும் காட்சியின்மேல் அவ்விதிகளின் எழுத்துக்களை ஊர்ந்து செல்ல விடுகிறார். விதி ஓடிக்கொண்டிருக்கிறது, அதன் அடியிலே வாழ்க்கையும் நடந்துகொண்டிருக்கிறது. உரை எதுவும் வேண்டப்படாத காட்சி அது. இன்னோரிடத்தில் மூதாட்டியர் இருவரின் காதலைக் காட்டுகிறார். முதுமையையும் காதலையும் ஒருங்கு காட்டத் துணிந்த படங்கள் எந்த நாட்டிலும் அரியவை. நாற்சி ஆட்சியின் கீழ் துன்புற்ற ஜேர்மானியப் பெண்களின் நினைவுகளும் இப்படத்தில் இடம்பெறுகின்றன.

படம் முதலில் நம்மை அழைத்துச் செல்வது வில்லா காதர் என்னும் நாவலாசிரியரிடம். 1873 இற் பிறந்து 1947 இல் மறைந்த இவர், நெபிராஸ்கா மாநிலப் புல்வெளிகளிற் குடியேறிய உழவர் வாழ்வை எழுதிப் பெரும்புகழ் கொண்டவர். இளமையில் தலைமயிரைக் குறுகக் கத்தரித்து, வில்லியம் என்று தம்மை அழைத்துக்கொண்டார். ஈடித் லூயிஸ் என்னும் பெண்மணியோடு நாற்பது ஆண்டுக்குச் சற்றுக் குறைய ஒரே இல்லத்தில் வாழ்ந்தார். பின்னர் இறந்த லூயிசும் காதரின் கல்லறை அருகிலேயே அடக்கம் பெற்றார். ஆயினும் காதர், தம் கடிதங்களை யாரும் வெளியிடலாகாது என்று இறுதி முறியில் எழுதி வைத்தார். பல கடிதங்களைத் தீயிலிட்டார் என்பதும் நெடுங்காலம் வழங்கிய செய்தி.

இங்கே ஒரு தருமசங்கடம் எழுகிறது. எழுதியவரே வேண்டாம் என்றதை நாம் தோண்டலாமா? யான் இதனைப் பலமுறை எண்ணிப் பார்த்ததுண்டு. அகத்திணைப் பாட்டில் தலைமக்களின் இயற்பெயரைச் சுட்டலாகாது என்பது தமிழ் மரபு. காதலைப் பொதுவில் வைப்பதற்குப் பெயரை மறைப்பது அழகென்று கண்டவர்கள் நம் முன்னோர். அவ்வாறாயின், காதர் பெயர் மறைத்ததை மட்டும் குறை கூறுவானேன்?

வேறுபாடு உண்டு. அகப்பாட்டிற் பெயர் மறைவது எல்லார்க்கும் ஒப்ப மறைகிறது. அதனால் யாவரும் அக்காதலைத் தம்முடையதாகக் கொள்ள முடிகிறது. இங்கோ சிலருடைய காதலுக்கு மட்டுமே பெயரில்லை. ஏனையோருடைய மணநாளும் மனைவி பெயரும் வரலாற்று நூல்களிற் பொன்னெழுத்தாய் நிற்க, இவர்களுடைய துணைவர் 'தோழி' என்றும் 'செயலாளர்' என்றும் குறுகிப்போகின்றனர். தன் கடிதத்தைத் தான் எரிப்பது ஒருவருடைய உரிமை. அதில் நாம் தலையிடற்கில்லை. அவர் மறைந்தபின், அவருக்கு யாருமே இல்லை என்று எழுதுவது நம் உரிமையன்று. மௌனம் வேறு, பொய் வேறு. ஹமரின் படம் காதரின் மௌனத்தை உடைத்து இதோ உண்மை என்று கூவவில்லை. வெறிச்சோடிய வீடுகளையும் இடிந்த சுவர்களையும் காட்டி, ஊரார் குரல்களைக் கேட்பித்து, ஏன் இங்கே ஒன்றுமில்லை என்று நம்மைக் கேட்க வைக்கிறது.

இதற்கொரு பின்கதையும் உண்டு. காதரின் கடிதங்கள் எல்லாம் எரியவில்லை. ஏறக்குறைய மூவாயிரம் எஞ்சியிருந்தன. தடை நீங்கி, 2013 ஆம் ஆண்டில் அவற்றிலிருந்து தேர்ந்தெடுத்த ஒரு தொகுதி நூலாக வந்தது. படம் வந்து இருபத்தோராண்டு கழித்து அந்த வெற்றிடத்திற் சில ஏடுகள் வந்து சேர்ந்தன. இல்லையென்று எல்லாரும் கைவிட்ட இடத்தில் தேடியவரே அறிஞர் என்பதை இது நமக்கு உணர்த்தும்.

1995 இல் 'டெண்டர் பிக்ஷன்ஸ்' என்னும் படத்தில் தம் வாழ்க்கையையே எடுத்துக்கொண்டார். தம் கதையைப் பிறர் எழுதுமுன் தாமே எழுதிவிட வேண்டும் என்பது அவர் கருத்து. 2000 ஆம் ஆண்டின் 'ஹிஸ்டரி லெசன்ஸ்' பழைய செய்திப்படங்களையும் பாடப்படங்களையும் வெட்டி ஒட்டி நகைச்சுவையாக அமைந்தது. மூன்றும் ஒரு முத்தொகுதி. சில இடங்களிற் குறிப்பாற் கொள்ள வேண்டியதைக் கூற்றாகவே கொண்டு அவர் விரைகிறார் என்று எனக்குத் தோன்றியதுண்டு. உரையாசிரியனுக்கு வேண்டிய நிதானம் கலைஞனுக்கும் வேண்டுமா என்பது வாசகர் சிந்திக்க வேண்டியது.

1998 இல் வந்த 'த பீமேல் குளோசெற்' என்னும் படம் மூன்று பெண் கலைஞரைப் பற்றியது. அவர்களுள் ஒருவர் அலிஸ் ஒஸ்டின். 1866 இற் பிறந்து, நியூயோர்க்கைச் சேர்ந்த ஸ்டேற்றன் தீவில் வாழ்ந்து, ஆயிரக்கணக்கான புகைப்படங்களை எடுத்தவர். கேற்றூட் டேற் என்னும் ஆசிரியையோடு ஐம்பது ஆண்டுக்கு மேலாக நட்பும் வாழ்வும் ஒன்றாயிருந்தார். 1929 இன் பங்குச் சந்தை வீழ்ச்சியிற் செல்வம் இழந்தார், வீட்டை இழந்தார், முதுமையில் ஏழையர் விடுதியிலும் தங்க நேர்ந்தது. 1952 இல் இறந்தார். இருவரையும் ஒருங்கே அடக்கஞ் செய்ய வேண்டும் என்ற விருப்பத்தைக் குடும்பத்தார் ஏற்கவில்லை. அவர் வாழ்ந்த வீடு நூதனசாலையாயிற்று. ஆனால் அவ்வாழ்வின் நடுவிடத்தைப் பற்றி அங்கே பேச்சில்லை. ஏன் பேசவில்லை என்று ஹமர் கமெராவோடு சென்று கேட்டார். 2017 ஆம் ஆண்டில் அவ்வீடு தன்பாற் காதலரின் வரலாற்றுக்குரிய இடமாகவும் நாட்டுப் பதிவேட்டில் ஏற்கப்பட்டது. ஒரு படத்தாலேயே இது நடந்தது என்று யான் சொல்லேன். கேட்கப்படாத வினாவுக்கு விடை வருவதில்லை என்று மட்டும் சொல்வேன்.

2006 இல் அவர் ஆக்கிய 'லவர் அதர்' என்னும் படம் வீரச்சுவை மிக்கது. குளோட் காஉன், மார்செல் மூர் என்னும் புனைபெயர் பூண்ட பிரெஞ்சுப் பெண்கள் இருவர். ஒருவரின் தந்தை மற்றவரின் தாயை மணந்தமையாற் சகோதரியரும் ஆயினர். ஒருவர் எழுத்தும் புகைப்படமும், மற்றவர் ஓவியமும் வல்லவர். 1937 இல் ஜேர்சி என்னும் தீவிற் குடியேறினர். 1940 இல் ஜேர்மானியப் படை அத்தீவைக் கைப்பற்றியது. இவ்விரு பெண்களும் ஜேர்மன் மொழியிலே துண்டுப் பிரசுரங்கள் தட்டச்சிட்டு, பெயரில்லாப் போர்வீரன் என்று கையொப்பமிட்டு, படைவீரரின் சட்டைப் பைகளிலும் சிகரெற்றுப் பெட்டிகளிலும் இரகசியமாகச் செருகி வந்தனர். 1944 இற் பிடிபட்டு மரணதண்டனை விதிக்கப்பட்டனர். தண்டனை நிறைவேறுமுன் 1945 மே மாதத்தில் தீவு விடுதலை பெற்றது. ஊரார் கண்ணுக்கு அவர்கள் வயது முதிர்ந்த சகோதரியர் இருவர், அவ்வளவே. மறைந்து வாழப் பழகியவர்களுக்குப் பகைவன் கண்ணுக்கு மறைந்து போராடுதல் கைவந்தது போலும்.

2015 இல் 'வெல்கம் ரு திஸ் ஹவுஸ்' என்னும் படத்தில் எலிசபெத் பிஷப் என்னும் கவிஞர் வாழ்ந்த வீடுகளைத் தேடிச் சென்றார். பிஷப் 1951 முதல் பிறேசில் நாட்டில் லோற்றா டி மசேடோ சோரெஸ் என்பாரோடு வாழ்ந்து, அங்கிருந்தபோதே 1956 இற் புலிற்சர் பரிசு பெற்றவர். தம்மைப் பெண் கவிஞர் தொகுதிகளிற் சேர்ப்பதையும் விரும்பாதவர். அத்தகையவரின் வாழ்வைச் சொல்ல, மனிதரை விட்டு வீட்டைப் பேச வைத்தது பண்பறிந்த செயல்.

2006 இல் ஹமருக்குச் சூலகப் புற்றுநோய் கண்டது. சிகிச்சையின் துன்பத்தையும் அதிலிருந்து தேறிக் குதிரையேறிச் சென்ற இன்பத்தையும் 2008 இல் 'குதிரை ஓர் உருவகமன்று' என்று பெயரிட்டுப் படமாக்கினார். அடுத்த ஆண்டு பேர்லின் விழாவில் அது சிறந்த குறும்படத்துக்கான டெடி விருது பெற்றது. எதைக் கண்டாலும் இது எதற்கு உருவகம் என்று கேட்கும் எம்போன்ற இலக்கணக்காரர்க்கு இப்பெயர் ஒரு மெல்லிய குட்டு. நோய் நோயே, குதிரை குதிரையே, பெண்ணை நேசித்த பெண் வேறெதற்கும் குறியீடல்லள், பெண்ணே.

நோய் மீண்டும் முற்றியபோது, 2018 ஆம் ஆண்டு ஒக்டோபரில் நியூயோர்க் விற்னி நூதனசாலையில் இறக்குங் கலை என்பது பற்றி அவர் உரை நிகழ்த்தினார். முடியாது கிடந்த தம் படச்சுருள்களை இளைய கலைஞர் கையில் ஒப்படைத்தார். 1975 இல் குவாத்தமாலாவில் எடுத்தவற்றைக் கொண்டு டெபரா ஸ்ட்ராற்மனும், 1998 இல் கடற்கரைக் குடிசை ஒன்றில் தனித்திருந்து எடுத்தவற்றைக் கொண்டு லின் சாக்சும் ஆக்கிய படங்கள் 2019 இல் வெளிவந்தன. பாணபட்டர் முடியாது விட்ட காதம்பரியை அவர் மகனார் முடித்ததாகக் கற்றிருக்கிறோம். ஹமருக்குப் பிள்ளை முறை வேண்டியிருக்கவில்லை. கற்றோர் முறையே போதுமாயிருந்தது. இத்துறையிற் புதியன முயலும் பெண்களுக்கென 2017 இல் ஒரு நன்கொடையையும் ஏற்படுத்தினார். அவருடைய தாள்கள் யேல் பல்கலைக்கழக நூலகத்தில் வைக்கப்பட்டன.

எச்சம் என்னும் சொல்லுக்கு நம் மொழியிற் பல பொருளுண்டு. முற்றுப்பெறாத வினை எச்சம். எஞ்சிய பொருள் எச்சம். ஒருவருக்குப் பின் நிற்கும் மக்களும் புகழும் எச்சம். பிறர் எரித்தவற்றுள் எஞ்சியவற்றைத் தேடிய இப்பெண்மணி, தம்முடைய தாளில் ஒன்றையும் எரிக்கவில்லை. நூலாசிரியர் வரலாறு எழுதுவோரும் கற்பிப்போரும், அடுத்த முறை 'இவருக்கு யாரும் இல்லை' என்ற வரியை எழுதுமுன், அது செல் அரித்த இடமா, கைபட்ட இடமா என்று ஒருகணம் நோக்குவாராக.